உறவுச் சொல்லும் விசாரணை அறையும்: மானுடவியலாளர் எழுதிய நமது குடும்பம் குறித்துச் சில குறிப்புகள்

சென்ற இதழின் வாசகர் பகுதியில் நண்பர் ஒருவர் எழுதியிருந்த கடிதத்துக்கு இது பதிலல்ல. ஆனால் அக்கடிதம் வந்திராவிட்டால் இதை நான் எழுதியிருக்கவும் மாட்டேன். யாழ்ப்பாணத்துக் குடும்பம், சாதி, சீதனம் பற்றி வெள்ளைக்கார மானுடவியலாளர்கள் எழுதிய நூல்கள் யாவும் காலனித்துவத்தின் மிச்சம், அவற்றை வாசிப்பதே அடிமைப் புத்தி என்பது அவரது வாதம். அதே கடிதத்தின் கடைசிப் பந்தியில், 'தமிழரின் கூட்டுக் குடும்பப் பண்பாடு' சுவிஸ் மண்ணில் அழிந்துகொண்டிருக்கிறது என்றும் கவலைப்பட்டிருந்தார்.

இவ்விரண்டு கூற்றுகளுக்கும் இடையில்தான் எனது பிரச்சினை இருக்கிறது. யாழ்ப்பாணத்தில் கூட்டுக் குடும்பம் எப்போது இருந்தது? மகளுக்கு வீடும் வளவும் சீதனமாக எழுதி, மருமகன் அந்த வீட்டுக்கு வந்து குடியேறுவதல்லவா நமது பெரும்பாலான ஊர்களின் வழக்கம்? தகப்பனும் மக்களும் மருமக்களும் ஒரே கூரையின் கீழ் ஒரே உலையில் சமைத்த குடும்பத்தை நண்பர் தமிழ்ச் சினிமாவில் பார்த்திருக்கலாம். வெள்ளைக்காரன் தந்த கண்ணாடியை எறியச் சொல்பவர் கோடம்பாக்கம் தந்த கண்ணாடியை மாட்டிக்கொண்டிருக்கிறார். அந்த நூல்களை அவர் வாசித்திருந்தால் குறைந்தபட்சம் இந்தத் தவறைச் செய்திருக்க மாட்டார்.

நானும் இதில் சுத்தமானவன் அல்ல. இலங்கையில் பதினைந்து வருடங்கள் சமூகவியல் படிப்பித்தவன். உறவுமுறை என்ற பாடத்தை, நான் படித்த மாதிரியே, மெலனீசியாவிலிருந்து தொடங்குவேன். கரும்பலகையில் ஆணுக்கு முக்கோணம், பெண்ணுக்கு வட்டம், கலியாணத்துக்குச் சமன்குறி. நியூகினிக்குக் கிழக்கேயுள்ள ட்ரோபிரியாண்ட் தீவுகள், 1915க்கும் 1918க்கும் இடையில் அங்கே கூடாரமடித்துத் தங்கிய மலினோவ்ஸ்கி, தாய்வழிச் சமூகம், பிள்ளை தகப்பனின் குலத்தைச் சேராது, தாய்மாமனின் குலத்தைச் சேரும், சகோதரன் தன் தோட்டத்து வள்ளிக் கிழங்கைச் சகோதரி வீட்டுக்குக் கொண்டுபோய்க் குவிப்பான். மாணவர்கள் வாயைப் பிளந்து கேட்பார்கள். ஒருமுறை அக்கரைப்பற்றுப் பக்கத்திலிருந்து வந்த மாணவி எழுந்து, "எங்கட குடியும் தாய்வழிதானே சேர்" என்றாள். ஆம் என்று தலையாட்டிவிட்டுத் திரும்பவும் ட்ரோபிரியாண்டுக்கே போனேன். பாடத்திட்டத்தில் அவளது ஊர் இருக்கவில்லை. டெனிஸ் மக்கில்வ்றே என்ற அமெரிக்கர் 1969 முதல் அதே அக்கரைப்பற்றில் தமிழர், முஸ்லிம்கள் இரு சாராரின் தாய்வழிக் குடிமுறையையும் பதிவுசெய்துகொண்டிருந்தார். அவரது பெரிய நூல் 2008 இல்தான் வந்தது; ஆனால் கட்டுரைகள் அதற்கு வெகு முன்பே இருந்தன. 'தமிழ்க் குடும்பம்' என்றால் யாழ்ப்பாணத்து வெள்ளாளக் குடும்பம் என்று எழுதுவதற்கு வெள்ளைக்காரன் தேவையில்லை, நம்மவர்களே போதும்.

மெலனீசியாவுக்கும் நமக்கும் உள்ள தொடர்பு எனது பாடத்திட்டத்தின் விபத்து மட்டுமல்ல. உறவுமுறை ஆய்வு என்ற துறை பிறந்த கதையிலேயே தமிழ் இருக்கிறது. நியூயோர்க் மாநிலத்து வழக்கறிஞரான லூயிஸ் ஹென்றி மோர்கன், இறொக்குவா இந்தியர்கள் தகப்பனின் சகோதரனையும் 'தகப்பன்' என்றே அழைப்பதைக் கண்டு வியந்தவர். 1859 இல், தமிழ்நாட்டில் ஊழியம் செய்த ஸ்கடர் என்ற அமெரிக்க மிஷனரியிடம் விசாரித்தபோது தமிழரிடமும் அதுவே வழக்கம் என்று தெரியவந்தது. அமெரிக்க இந்தியர்கள் ஆசியாவிலிருந்து போனவர்கள் என்பதற்கு இதுவே சான்று என்று அவர் பாய்ந்து முடிவெடுத்தார். அந்த முடிவு தவறு. ஆனால் 1871 இல் அவர் வெளியிட்ட பிரமாண்டமான அட்டவணைகளில் தமிழும் இறொக்குவாவும் ஒப்பிடப்பட்டிருந்தன. ஃபீஜியிலிருந்த மெதடிஸ்ற் போதகர் லொரிமர் ஃபைசன் அனுப்பிய பட்டியலும் அதிலே சேர்ந்தது. மாமன் மகள் மணமுறையானவள், சிற்றப்பன் மகள் சகோதரி என்று பிரிக்கும் வழக்கம் ஃபீஜியிலும் இருந்தது. ஃபீஜியிலும் ட்ரோபிரியாண்டிலும் தகப்பனுக்கு 'தமா' என்று பெயர். உடனே, "பார், தமப்பன்! அவனும் தமிழன்தான்" என்று யாரும் கிளம்பவேண்டாம். அப்படிக் கிளம்புபவர்களுக்கு நமது மேடைகளில் பஞ்சமில்லை.

மோர்கனின் பிறகு வந்த றிவர்ஸ் 1901-02 இல் நீலகிரியில் தோடர்களிடம் வம்சாவளி சேகரித்தார். 1908 இல் மெலனீசியாவுக்குப் போய் அதே முறையில் சேகரித்தார். கேள்வி எளிது: உன்னைப் பெற்றவர் பெயர் என்ன? அவரோடு கூடப்பிறந்தவர் யார்? அவரை எப்படி அழைப்பாய்? பெற்றவர், பிறந்தவர் என்பதே அடித்தளம். அழைக்கும் சொல் அதன்மேல் ஒட்டிய பெயர்ச்சீட்டு. இந்த முறையோடு 1908 இல் றிவர்ஸின் கூடவே சொலமன் தீவுகளுக்குப் போனவர் ஹோகார்ட். அவர் பின்னர் ஃபீஜியில் பள்ளிக்கூட அதிபராக இருந்தார். 1921 தொடக்கம் 1929 வரை இலங்கையின் தொல்பொருள் ஆணையாளர். ஃபீஜியையும் இலங்கையையும் அருகருகே வைத்துச் சாதி பற்றி ஒரு நூலும் எழுதினார். அவரை நமது பல்கலைக்கழகங்களில் தொல்பொருட்காரராக மட்டுமே நினைவுகூர்வது ஒரு அநியாயம்.

ஹோகார்ட் 1937 இல் 'அந்த்ரோபோஸ்' சஞ்சிகையில் ஒரு சிறு கட்டுரை எழுதினார். (அச்சஞ்சிகையை நடத்திய நிறுவனம் மறுவருடமே நாசிகளிடமிருந்து தப்பி ஒஸ்ற்றியாவிலிருந்து ஃபிறிபூர்க் கன்ரோனுக்கு வந்து 1962 வரை இங்கிருந்தது. அதுவும் ஒருகாலத்தில் சுவிஸில் அகதிதான்.) அவர் சொன்னதன் சாரம் இது. 'தமா' என்றால் தகப்பன் என்று முதலில் மொழிபெயர்த்துவிடுகிறோம். பிறகு அவர்கள் சிற்றப்பனையும் ஏன் தகப்பன் என்கிறார்கள் என்று தலையைப் பிய்த்துக்கொள்கிறோம். புதிர் ஃபீஜிக்காரனிடம் இல்லை, நமது மொழிபெயர்ப்பில் இருக்கிறது. அச்சொல் பெற்றவரைச் சுட்டி மற்றவர்களுக்கு நீட்டப்பட்டதல்ல. இன்ன பக்கத்தைச் சேர்ந்த, முந்திய தலைமுறை ஆள் என்பதையே சுட்டுகிறது. அந்த இடத்தில் இருப்பவரோடு எப்படி நடந்துகொள்ள வேண்டும் என்பதும் அதிலேயே அடங்கியிருக்கிறது.

இதை நான் எத்தனையோ தடவை படிப்பித்திருக்கிறேன். விளங்கியது விசாரணை அறையில்.

2010 இல் இங்கு தஞ்சம் கோரியபோது நடந்த முதலாவது சுருக்கமான விசாரணையில், உடன்பிறந்தவர்கள் எத்தனை பேர் என்று கேட்டார்கள். மூவர் என்றேன்: ஒரு அக்கா, இரண்டு தங்கச்சிமார். நீண்ட விசாரணை பல மாதம் கழித்து நடந்தது. ஏன் வந்தாய் என்ற கேள்விக்கு, 2009 மே மாதத்துக்குப் பின் காணாமற்போன என் தம்பியைப் பற்றியும், அவனைத் தேடித் திரிந்ததால் வந்த வினைகளைப் பற்றியும் சொல்லத் தொடங்கினேன். அதிகாரி தாளைப் புரட்டினார். "உமக்குச் சகோதரன் இல்லையென்று சொல்லியிருக்கிறீர்." சின்னம்மாவின் மகன், மூன்று வயதிலிருந்து எங்கள் வீட்டிலே வளர்ந்தவன் என்றேன். மொழிபெயர்ப்பாளர் ஒரே சொல்லில் முடித்தார்: கசின். "அப்படியானால் ஏன் தம்பி என்கிறீர்?" என்றது அடுத்த கேள்வி.

மோர்கனிலிருந்து தொடங்கி ஒரு மணித்தியாலம் விரிவுரை செய்யக்கூடிய விடயம். நான் செய்தது என்ன? "ஆம், கசின்தான்" என்று ஒப்புக்கொண்டு ஒவ்வொரு பக்கத்திலும் கையொப்பமிட்டேன். 'ஒன்றுவிட்ட தம்பி' என்று நமது மொழியிலேயே சொல் இருக்கிறதே என்று கேட்பீர்கள். இருக்கிறது. அந்நியருக்கு உறவை விளக்கும்போது பாவிக்கும் சொல் அது. வீட்டில் யாரும் யாரையும் 'ஒன்றுவிட்ட தம்பி, இங்க வா' என்று கூப்பிடுவதில்லை. அவனை அப்படி நான் சொன்னது அந்த ஒரு நாளில்தான். பிறகு வந்த முடிவுக் கடிதத்தில் முரண்பாடுகளின் பட்டியலில் என் தம்பி இரண்டாவது இலக்கமாக இருந்தான்.

அந்த அதிகாரியைக் குறைசொல்வது எனது நோக்கமல்ல. அவர் கையில் இருந்தது றிவர்ஸின் கேள்விக்கொத்து. அதன் பழைய பெயர் அவருக்குத் தெரியாது, அவ்வளவே. சாரமான அம்சங்களில் முரண்படும் கூற்று நம்பத்தகாதது என்கிறது சுவிஸ் புகலிடச் சட்டம். அதே சட்டம் குடும்பம் என்றால் கணவன் அல்லது மனைவி, வயதுவராத பிள்ளைகள் என்கிறது. தஞ்சம் கோருவோரைக் கன்ரோன்களுக்குச் சனத்தொகை விகிதப்படி பங்கிடுகிறார்கள். 'குடும்ப ஒற்றுமை' குலைகிறது என்றால் மட்டும் அதற்கெதிராக முறையிடலாம். அக்கா துர்க்காவிலும் தம்பி திசீனோவிலும் விடப்பட்டால் குலைவது குடும்பமல்ல. இந்தச் சட்டத்துக்குள் நுழைவதற்காக நாம் நமது உறவுகளை வெட்டி ஒட்டினோம். பெரியப்பா மகன் அண்ணனானான், அண்ணன் இல்லாமற்போனான். பொய் சொல்லும் இனம் என்று நம்மைப் பற்றி அலுவலகங்களில் ஏற்பட்ட பேரில், வேண்டுமென்று சொன்ன பொய்யும் உண்டு. ஆனால் மொழிபெயர்ப்பில் பொய்யாகிப்போன உண்மையும் உண்டு. இரண்டையும் பிரித்து எண்ணியவர் எவருமில்லை.

இத்தனைக்கும் டொச் மொழிக்கு இந்த வேறுபாடுகள் தெரியாதவையல்ல. பழைய டொச்சில் தாயின் சகோதரன் 'ஓஹைம்', தகப்பனின் சகோதரன் 'ஃபெட்டர்', தகப்பனின் சகோதரி 'பாசெ', தாயின் சகோதரி 'மூமெ'. மாமா, சித்தப்பா, மாமி, சின்னம்மா! பிறகுதான் பிரெஞ்சிலிருந்து 'ஒங்கிள்', 'தான்ற்' வந்து எல்லாரையும் ஒரே சாக்கில் போட்டுக் கட்டியது. ஃபெட்டர் என்பது மச்சானாகி, இன்று சுவிஸ் டொச்சில் சொந்தக்காரனுக்குச் சலுகை செய்யும் ஊழலுக்கு 'ஃபெட்டர்லிவிர்ட்ஷாஃப்ட்' என்ற பெயரில் மிஞ்சியிருக்கிறது. எங்கள் தொழிற்சாலையில் என்னோடு இரவுமுறை செய்யும் கொசோவோக்காரருக்கு மாமாவையும் சித்தப்பாவையும் நான் விளக்கத் தேவைப்படவில்லை. தாயின் சகோதரன் 'டாயா', தகப்பனின் சகோதரன் 'அஜா' என்று அவரே சொன்னார். ஒரு தேநீர் இடைவேளைக்குள் முடிந்த ஒப்பியல் ஆய்வு.

சுவிஸ் சிவில் சட்டத்தை இன்னும் கொஞ்சம் பார்க்கலாம். அதன்படி மாமா மகளையும் கட்டலாம், சின்னம்மா மகளையும் கட்டலாம், இரண்டும் கசின். நமக்கு முதலாவது உரிமை, இரண்டாவது சகோதரியைக் கட்டுவதற்குச் சமம். மாமன் மருமகளைக் கட்டுவதை இச்சட்டம் 1999 முடியும்வரை தடுத்தது. 2000 முதல் தடுக்கவில்லை. தமிழ்நாட்டில் பல சாதிகளிடம் அக்கா மகளைக் கட்டுவது வழக்கம். யாழ்ப்பாணத்தில் அதை நினைக்கவும் கூடாது. ஆக, 'தமிழர் உறவுமுறை' என்பதே பாக்குநீரிணையில் உடைந்துவிடுகிறது. அதே 2000 இல் வந்த இன்னொரு மாற்றமும் உண்டு. வறுமையிலுள்ள சகோதரனைத் தாங்கும் சட்டக் கடமை அதுவரை இங்கும் இருந்தது, அன்றோடு நீக்கப்பட்டது. தங்கச்சியின் சீதனத்துக்காக இருபது வருடம் கோப்பை கழுவிய அண்ணன்மார்கள் இங்கே வாழும் நாட்டில்!

சுவிஸ்காரரின் மானுடவியலும் நம்மை விட்டுவைத்ததில்லை. பாசலைச் சேர்ந்த சரசின் குடும்பத்து உறவினர் இருவர் 1880களில் இலங்கை வந்து வேடரை அளந்தார்கள், மண்டையோடுகளையும் எலும்புகளையும் கொண்டுபோனார்கள். அவர்களில் ஒருவரான ஃபிறிற்ஸ் சரசின் 1911 இல் மெலனீசியாவின் நியூ கலிடோனியாவுக்குப் போனார். போல் வியர்ஸ் நியூகினியையும் இலங்கைப் பேயோட்டலையும் மாறிமாறி ஆராய்ந்தார். பாசல் பண்பாட்டு அருங்காட்சியகத்தில் நியூகினியின் அபெலாம் மக்களுடைய வழிபாட்டு வீட்டின் முகப்பு நிற்கிறது. அதன்முன் நின்றபோது எனக்கு மரியாதையும் கூச்சமும் ஒருங்கே வந்தன. கொண்டுவரப்பட்டவர்களில் நானும் ஒருவன் என்ற எண்ணம். இவ்வகையில் நண்பரின் கோபம் எனக்கு விளங்காததல்ல. பிற்பாடு வந்தவர்கள் வேறு மாதிரி. கிறிஸ்தோபர் மக்டவல் சுவிஸ் தமிழர் பற்றி எழுதிய நூல் 1996 இல் வந்தது. பேர்ண் பிரதேசத் தமிழரின் உறவுகளையும் விழுமியங்களையும் டமாறிஸ் லூதி ஆராய்ந்தார். மண்டையோட்டை அளப்பவர்களல்ல இவர்கள். நாம் மறைப்பதைக் கேட்பவர்கள். அதனால்தான் நமக்கு எரிச்சல்.

நாம் மறைப்பது எது? இதற்கு மைக்கல் பாங்ஸிடம் போகவேண்டும். 1950களில் யாழ்ப்பாணத்தில் ஆய்வு செய்த கேம்பிறிஜ்காரர். 1957 இல் ஒப்பேற்றிய ஆய்வேடு நூலாக வரவில்லை. 1960 இல் எட்மண்ட் லீச் தொகுத்த நூலில் யாழ்ப்பாணச் சாதி பற்றி ஒரு கட்டுரை வந்தது. அதில் அவர் நமது சொல்லையே எடுத்தாண்டார்: சொந்தக்காரர். வெள்ளாளர் என்பது கொண்டு கொடுக்கும் ஒரே சமூகமல்ல. அதனுள்ளே ஒருவருக்கொருவர் பெண் கொடுத்து எடுக்கும் சிறு வட்டங்கள் இருக்கின்றன; அந்த வட்டமே நடைமுறையில் சாதி என்றார். வெளியாள் ஒருவர் சில காலம் தங்கியிருந்து இதைக் கண்டுபிடித்தார். நாமோ அந்த வட்டத்துக்குள் பிறந்து, 'எங்கட ஆக்கள்' என்ற சொல்லைத் தினமும் பாவித்து, அது சாதியைக் குறிக்கும் சொல் என்பதை ஒருபோதும் ஒப்புக்கொள்ளாதவர்கள்.

பாங்ஸின் குறை வேறு. அவர் ஊரைப் பார்த்தது வெள்ளாள வீட்டுத் திண்ணையிலிருந்து. திண்ணையிலிருந்து உறவுமுறை வரைபடம் தெளிவாகத் தெரியும். படலைக்கு வெளியே நிற்பவர் 'ஊழியம் செய்யும் சாதி' என்ற பெட்டிக்குள் போய்விடுவார். அங்கேதான் உறவுச் சொல்லின் மறுபக்கம் இருக்கிறது, அதை அவர் தொடவில்லை. தமிழில் உறவுச் சொல் இரத்த உறவினருக்கு மட்டும் உரியதல்ல என்று பெருமைப்படுகிறோம். பஸ்சில் முன்பின் தெரியாதவரை அண்ணை என்போம், சந்தையில் அக்கா என்போம், கிழவரை அப்பு என்போம். ஆனால் எங்கள் ஊரில் கள்ளுச் சீவும் எழுபது வயதுக் கிழவரை எட்டு வயதுப் பையனான நான் பெயர் சொல்லித்தான் கூப்பிட்டேன். அண்ணை, அப்பு எதுவும் கிடையாது. கூப்பிட்டுக் கொடுத்த தண்ணீர் சிரட்டையில். என்னை யாரும் கண்டிக்கவில்லை. அப்பு என்று கூப்பிட்டிருந்தால்தான் கண்டித்திருப்பார்கள். ஹோகார்ட் சொன்னது சரியானால், உறவுச் சொல் என்பது ஒருவரோடு நடந்துகொள்ள வேண்டிய முறை. அப்படியானால் அச்சொல்லை மறுப்பதும் ஒரு முறைதான். விசாரணை அறையில் எனது 'தம்பி' பறிபோனபோது நான் முதலில் நினைத்தது அகதியின் அவமானத்தை. கிழவரை நினைக்கச் சில வருடங்கள் எடுத்தது.

1995 ஒக்ரோபர் கடைசியில் வலிகாமம் முழுதும் பெயர்ந்து தென்மராட்சிக்கு நடந்தபோது படலைகள் திறந்தன, அந்நியர் வீட்டு விறாந்தைகளில் சனம் படுத்தது உண்மை. எல்லாரும் எல்லாருக்கும் அண்ணை அக்கா ஆன நாட்கள். கிணறுகளும் அப்படித் திறந்தனவா என்பதில் எனக்கு வேறு நினைவுகள் உண்டு. அதை இன்னொரு கட்டுரைக்கு விடுகிறேன்.

இனி மலினோவ்ஸ்கியிடம் திரும்பலாம். ட்ரோபிரியாண்ட் குடும்பத்தின் கடைசிச் சொல்லை எழுதிவிட்டதாக உலகமே நம்பியிருந்த அவரது இடத்துக்கு, அனெற் வைனர் என்ற அமெரிக்கப் பெண் 1971 இல் போனார். போன முதல் நாளே ஊர்ப் பெண்கள் அவரை ஒரு செத்தவீட்டுக் கொடுக்கல்வாங்கலுக்குக் கூட்டிப்போனார்கள். பெண்கள் காய்ந்த வாழையிலையில் செய்த கட்டுகளையும் பாவாடைகளையும் மலைமலையாகக் குவித்து, பெயர் கூப்பிட்டுக் கூப்பிட்டுப் பங்கிட்டுக்கொண்டிருந்தார்கள். யாருக்கு யார் கடன், எந்தக் குலம் நிமிர்ந்து நிற்கிறது, எது சரிந்தது எல்லாம் அங்கே தீர்மானமாயிற்று. மலினோவ்ஸ்கியின் தடித்த நூல்களில் ஆண்களின் கிழங்கும் சங்குவளையும் கழுத்துமாலையும் பக்கம் பக்கமாக உண்டு. அந்த வாழையிலைக் கட்டுகளுக்கு உரிய இடம் இல்லை. 1976 இல் வைனரின் நூல் வந்தது. தாய்வழிச் சமூகத்தை எழுதியவர் தாய்மாரின் கணக்கைப் பார்க்கவில்லை என்பது அந்நூல் எழுப்பிய குற்றச்சாட்டு.

நம்மைப் பற்றிய எழுத்துகளுக்கு இக்குற்றச்சாட்டு அப்படியே பொருந்தும். 1707 இல் ஒல்லாந்த அதிகாரி கிளாஸ் ஐசாக்ஸ் தேசவழமையைத் தொகுத்தபோது, அதைப் பார்த்துச் சரியென்று ஒப்பியவர்கள் பன்னிரண்டு முதலியார்கள். பன்னிருவரும் ஆண்கள். முதுசம், சீதனம், தேடியதேட்டம் என்று சொத்து பிரிக்கப்பட்டது. சீதனம் பெண்ணுடையது என்று எழுதிய கையே, கணவனின் எழுத்துமூலச் சம்மதமின்றி அவள் தன் காணியை விற்க முடியாது என்று 1911 இன் கட்டளைச் சட்டத்திலும் எழுதியது. பாங்ஸும் பின்வந்தோரும் இந்தக் காணிக் கணக்கையே குடும்பத்தின் கணக்காக எடுத்தார்கள்.

எங்கள் வீட்டில் ஒரு கொப்பி இருக்கிறது. நீல மட்டை, சதுரக்கோடு. இங்கே மண்டபம் எடுத்துச் செய்யும் சாமத்தியவீடு, கலியாணவீடு, பிறந்தநாள் ஒவ்வொன்றிலும் யார் என்ன கொடுத்தார், நாம் யாருக்கு என்ன கொடுத்தோம் என்று மனைவி அதில் எழுதி வைத்திருக்கிறாள். 50 பிராங், 100 பிராங், ஒரு சோடி காப்பு. பெயருக்கு எதிரே உறவு: ஆசையம்மா, குஞ்சியப்பு, மச்சாள், சகலன். 100 தந்தவருக்கு 100 திருப்பினால் கணக்கு முடிந்துவிடும், உறவும் முடிந்துவிடும். அதனால் 120 கொடுக்கவேண்டும். முதன்முதல் இதைக் கேட்டபோது 'மடைத்தனம், தொழிற்சாலைச் சம்பளத்தில் இது தேவையா' என்று ஏசினேன். "உங்கட அக்காவின்ர மகளுக்கு ஆர் அவசரத்துக்கு காசு தந்தது எண்டு நினைக்கிறியள்?" என்று கேட்டாள். கொப்பியைப் புரட்டிக் காட்டினாள். ஊரிலிருந்து அந்தப் பிள்ளையின் சத்திரசிகிச்சைக்குக் காசு கேட்டபோது ஒரே கிழமையில் சேர்ந்த தொகை, அந்தக் கொப்பியில் பல வருடமாக விதைத்தது. மலினோவ்ஸ்கியைப் பதினைந்து வருடம் படிப்பித்தவனுக்கு வாழையிலைக் கட்டு தன் அலமாரியில் இருந்தது தெரியவில்லை.

இதற்காகக் கொப்பியைப் புனிதப்படுத்த வேண்டியதில்லை. அது சுமை. மண்டபச் செலவுக்குக் கடன்படும் குடும்பங்களை எல்லாருக்கும் தெரியும். கடமையிலிருந்து தப்ப முடியாத பெண்கள் இரண்டு வேலை செய்து கொப்பியை நிரப்புகிறார்கள். ஆயினும் நமது 'சமூகம்' என்று மேடைகளில் ஆண்கள் பேசும் பொருளைத் தூக்கி நிறுத்துவது சங்கங்களும் கழகங்களுமல்ல, இந்தக் கொப்பிகள் என்பதே எனது அபிப்பிராயம். ஜொகான்னா வோகெலி 1990களிலேயே சுவிஸ் தமிழரின் ஆண் பெண் உறவை ஆராய்ந்தார். பேசவேண்டிய இடம் அது என்பதை ஒரு சுவிஸ் பெண் நமக்கு முன்னதாகவே கண்டுகொண்டார்.

நம்மவர் யாரும் எழுதவில்லை என்று சொல்ல முடியாது. சித்தார்த்தன் மௌனகுருவின் நூல் 2019 இல் வந்தது. யுத்தகாலத்தில் நாடு கடந்து நடந்த தமிழ்க் கலியாணங்களைப் பற்றியது. தரகர்கள், கலியாணப் படங்கள், மாப்பிள்ளையும் பெண்ணும் சந்திக்கும் மூன்றாம் நாட்டு நகரங்கள், விசா அதிகாரிக்குக் காட்டும் அல்பங்கள் என்று போகிறது. சிதறிப்போன சனம் கலியாணத்தின் மூலமே திரும்ப உறவைக் கட்டியது என்பது அவர் காட்டும் விடயம். இதில் என்னைப் பிடித்துநிறுத்தியது அல்பம். உறவினர் பார்க்க எடுத்த படம், தூதரகம் பார்க்க எடுக்கும் படமாக மாறுகிறது. இது உண்மையான கலியாணம் என்று அதிகாரி நம்பவேண்டுமென்பதற்காக, எந்தெந்தச் சடங்கு எப்படி இருக்கவேண்டும் என்பதும் மெல்ல இறுகிவிடுகிறது. வரைபடத்தை மானுடவியலாளர் வரைந்தார், அரசு படிவமாக்கியது, நாம் அப்படிவத்துக்கேற்ப நின்று படம் எடுத்துக்கொண்டோம். பிறகு அதையே 'எமது தொன்மையான பண்பாடு' என்று பிள்ளைகளுக்குக் காட்டுகிறோம். ஆனால் அந்நூலுக்கும் என்னிடம் ஒரு கேள்வி உண்டு: தரகரின் பட்டியலில் எழுதப்படாமலே தெரிந்திருக்கும் அந்த ஒன்று, 'எந்த இடம்?' என்று கேட்டவுடன் விளங்கிவிடும் அந்த ஒன்று, நாடு கடந்தபிறகும் எப்படி இத்தனை பத்திரமாக வந்து சேர்ந்தது என்பதை இன்னும் விரிவாக எதிர்பார்த்தேன்.

எனவே நண்பரோடு எனக்குள்ள பிணக்கு, வெள்ளைக்காரனை வாசிப்பதா விடுவதா என்பதல்ல. வைனர் மலினோவ்ஸ்கியை வாசித்துவிட்டுத்தான் திருத்தினார். ஹோகார்ட் றிவர்ஸோடு ஒரே படகில் போனவர். பாங்ஸைத் திருத்தவேண்டியவர்கள் நாம், அதற்கு அவர் திண்ணையில் இருந்தபோது படலைக்கு வெளியே நின்றவர்களின் பிள்ளைகள் எழுதவேண்டும்; அவர்களும் இந்த நாட்டில் இருக்கிறார்கள், இச்சஞ்சிகையை வாசிக்கவும் செய்கிறார்கள்.

நண்பர் இதற்குப் பதில் எழுதுவாராயின் ஒரு காரியம் செய்யட்டும். அவர் வீட்டிலும் ஒரு கொப்பி இருக்கும், மனைவியிடம் கேட்டால் எடுத்துத் தருவார். அதிலுள்ள பெயர்களை ஊர் ஊராக, பகுதி பகுதியாக எண்ணிப் பார்க்கட்டும். நான் எங்களுடையதை எண்ணிப் பார்த்தேன். 214 பெயர்கள். கள்ளுச் சீவிய அந்தக் கிழவரின் பேரன் எங்களிலிருந்து இரண்டு ரயில் நிலையம் தள்ளி இருக்கிறார், வேலைக்குப் போகையில் ஒரே பெட்டியில் ஏறுகிறோம், என்னை அண்ணை என்று கூப்பிடுகிறார். அவரது பெயர் கொப்பியில் இல்லை.